பதக்கத்துக்குப் பிறப்புச் சான்றிதழ் எதற்கு?

புலம்பெயர்ந்த வீராங்கனையின் பதக்கம் பிறந்த நாட்டுக்கே சொந்தம். புது நாடு அதை விலைக்கு வாங்குகிறது, அவளுக்கோ எங்கும் விசுவாசம் இல்லை என்கிறார்கள். சான்றாகக் காட்டப்படுபவர் தடை ஓட்டக்காரர் லுட்மிலா எங்க்விஸ்ட். அவரையே எடுத்துக்கொள்வோம்.

ஒன்று. 1991இல் டோக்கியோவில் சோவியத் ஒன்றியத்துக்காக 100 மீட்டர் தடை ஓட்டத்தில் உலகப் பட்டம் வென்றார். ஆண்டு முடிவதற்குள் அந்த நாடே இல்லை. கைவிட்டது யார்?

இரண்டு. ஸ்வீடன்காரரை மணந்து, 1996இல் குடியுரிமை பெற்று, அதே ஆண்டு அட்லாண்டாவில் தங்கம் வென்றார். விலைபோனவர் என்றால், 1999ஐ எங்கே வைப்பது? மார்பகப் புற்றுநோய். அறுவை சிகிச்சை, கீமோதெரபி. சில மாதங்களில் செவில் உலகப் போட்டியில் ஸ்வீடனுக்காக ஓடி வெண்கலம். இதற்கு எந்த நாடு விலை பேச முடியும்?

மூன்று. 2001இல், பாப்ஸ்லெட் பனிச்சறுக்கு வண்டிப் போட்டிக்குத் தயாரானபோது ஊக்கமருந்தில் சிக்கினார். ஒப்புக்கொண்டார். குற்றம்தான், நான் மறைக்கவில்லை. ஆனால் அதே ஆண்டு லாஹ்தியில் நடந்த பனிச்சறுக்கு உலகப் போட்டியில், சொந்த மண்ணிலேயே, பின்லாந்துப் பனிச்சறுக்கு வீரர்கள் ஆறு பேர் ஊக்கமருந்தில் சிக்கினார்களே. அவர்கள் எங்கிருந்து குடியேறினார்கள்?

நான்கு. இந்த வாதத்தைப் புதுச்சேரியில் உட்கார்ந்து பேசுவதுதான் எனக்குப் பொறுக்கவில்லை. பிரான்ஸ் இவ்வூரை இந்தியாவிடம் ஒப்படைத்த ஒப்பந்தம் 1962இல் நடைமுறைக்கு வந்தபோது, இவ்வூரார் பிரெஞ்சுக் குடியுரிமையை வைத்துக்கொள்ள அது ஆறு மாத அவகாசம் தந்தது. ஆயிரக்கணக்கானோர் வைத்துக்கொண்டார்கள். தமிழ் பேசும் சொல்தா (பிரெஞ்சுப் படைவீரர்) குடும்பங்கள் இன்றும் நம் தெருவில் வாழ்கின்றன. அவர்களின் பேத்தி நாளை பிரான்ஸுக்காகத் தடை தாண்டினால், அவளை விசுவாசமற்றவள் என்று அவள் பாட்டியின் முகத்தைப் பார்த்துச் சொல்லுங்கள்.