காலம் கடந்த ஒப்பந்தமும் காத்திருக்கும் வழக்கும்

எரிபொருள் ஏற்றும் லொறிகளைப் பற்றித் தமிழாசிரியன் ஒருவன் எழுதப் புகுவது சிலருக்கு வியப்பாகத் தோன்றலாம். ஆயினும், 2022ஆம் ஆண்டிலே பெற்றோலுக்கும் சமையல் வாயுவுக்கும் வீதியோரங்களில் நாட்கணக்காக நிரையில் நின்ற நாம், ஒரு பவுசர் வாராதொழியின் ஊர் என்னாகும் என்பதை நன்கறிவோம். ஆதலின், அவ்வூர்திகளை ஓட்டுவிக்கும் ஒப்பந்தங்கள் பற்றிய பிணக்குகள் நமக்குப் புறம்பானவையல்ல.

அயல்நாடாகிய இந்தியாவிலே, 2025 மார்ச்சு மாத இறுதியில், நாமக்கல்லைத் தலைமையிடமாகக் கொண்ட எரிவாயு லொறி உரிமையாளர் வேலைநிறுத்தஞ் செய்தனர். புதிய ஒப்பந்தத்தின் நிபந்தனைகள் சிறு உரிமையாளரை நசுக்கும் என்பது அவர்தம் முறையீடு. இரண்டு அச்சு லொறிகளை விட மூன்று அச்சு லொறிகளுக்கு முதன்மை வழங்கியமையையும், மாற்றுச் சாரதி இல்லாவிடில் தண்டம் விதித்தமையையும் அவர்கள் எதிர்த்தனர். இத்தகைய பிணக்கு நீதிமன்று செல்லுமாயின் யாது நிகழும்? ஒப்பந்தத்துக்கு முடிவுநாள் உண்டு, வழக்குக்கோ அஃதில்லை. தீர்ப்பு வருமுன் ஒப்பந்தம் இறந்தகாலமாகிவிடும்.

இதற்கு நல்லதோர் உதாரணம், இந்தியன் எண்ணெய்க் கூட்டுத்தாபனத்துக்கும் அமிர்தசரசிலிருந்த எரிவாயு விநியோக நிறுவனம் ஒன்றுக்கும் நடந்த வழக்கு. 1976இல் செய்த ஒப்பந்தத்தைக் கூட்டுத்தாபனம் 1983 மார்ச்சிலே முறித்தது. முறித்தது தவறெனக் கண்ட நடுவர், விநியோக உரிமையை மீள அளிக்குமாறு பணித்தார். வழக்கு உச்ச நீதிமன்றம்வரை சென்று, 1990 நவம்பரிலே முடிந்தது. முப்பது நாள் அறிவித்தல் கொடுத்து எவரும் விலகலாம் என்று ஒப்பந்தமே கூறுதலின், 1963ஆம் ஆண்டுக் குறித்த பரிகாரச் சட்டத்தின்படி அதனை வலிந்து உயிர்ப்பித்தல் இயலாது என்றது மன்று. அந்த முப்பது நாளுக்குரிய நட்டஈடே விநியோகத்தருக்குக் கிடைத்தது. காத்திருந்த காலமோ ஏழாண்டுக்கு மேல்!

தீர்ப்பு சட்டத்துக்கு அமைந்ததே என்பதில் எனக்கு ஐயமில்லை. நம் நாட்டிலும், 1958இல் இலங்கைப் போக்குவரத்துச் சபைக்கெதிராக ஒரு பஸ் கம்பனி தொடுத்த வழக்கிலே, பயனற்றுப்போகும் எழுத்தாணையை மன்று வழங்காது என்ற விதி எடுத்துரைக்கப்பட்டது. இன்றும் அவ்வழக்கு மேற்கோளாகிறது. விதி நன்று. ஆயின், அது பயனற்றுப்போகும்வரை வழக்கை இழுத்தவர் யார் என்ற வினாவை அவ்விதி கேட்பதில்லை.

தாமதம் எப்போதும் ஒருவருக்கு ஊதியமாகின்றது. பழைய ஒப்பந்தக்காரர் இடைக்காலத் தடை பெற்றுவிட்டால், முடிந்துபோன ஒப்பந்தம் மன்றின் நிழலிலே மேலும் பல மாதம் ஓடும். கேள்விப்பத்திரத்திலே நேர்மையாக வென்றவர் வாயிலில் நிற்பார். தடை மறுக்கப்படின், அநீதியாக நீக்கப்பட்டவரின் மனு ஒப்பந்தகாலத்தோடு தானும் மடியும். கடன்பட்டு இரண்டொரு லொறி வாங்கியவருக்கு, பின்னர் வரும் நட்டஈடு கண்கெட்ட பின் செய்யும் சூரிய நமஸ்காரமே. பெருங்கம்பனியோ அக்காலத்தைத் தாங்கிக்கொள்ளும்.

எனவே, சட்டத்தை மாற்றுமுன் நாட்காட்டியைத் திருத்துதல் வேண்டும். காலவரையறையுள்ள எரிபொருட் போக்குவரத்து ஒப்பந்தங்கள் பற்றிய வழக்குகள், அவ்வொப்பந்தம் முடியுமுன்னரே விசாரித்து முடிக்கப்படல் வேண்டும். இடைக்காலக் கட்டளை ஒவ்வொன்றிலும் அது காலாவதியாகும் நாள் குறிக்கப்படல் வேண்டும். புதிய கேள்விப்பத்திரங்களையும், பழைய ஒப்பந்தத்தின் கடைசி வாரத்தில் அன்றி, பிணக்கைக் கேட்டுத் தீர்க்கத்தக்க கால இடைவெளி விட்டு அழைத்தல் வேண்டும்.

இறந்தகாலத்தை நிகழ்காலமாக்கும் ஆற்றல் எந்த நீதிமன்றுக்கும் இல்லை. நிகழ்காலம் கழியுமுன் தீர்ப்புக் கூறும் ஆற்றல் அதற்குண்டு. மக்கள் அதனிடம் வேண்டிநிற்பதும் அதுவேயாம்.