களையா, கீரையா?

போன மாதம் ஒரு கவிதை வாசிப்புக் கூட்டம். நண்பர் ஒருவர் மொழியை ஒரு தோட்டமாக வைத்து நீண்ட கவிதை வாசித்தார். பெயர்ச்சொற்கள் மரமாக நிற்கின்றன, வினைச்சொற்கள் கொடியாகப் படர்கின்றன. பேசப் பேசப் பூக்கும், பேசாவிட்டால் வாடும். கேக்க நல்லாத்தான் இருந்துச்சு. கைதட்டல் முடிஞ்சதும் ஒண்ணே ஒண்ணு கேட்டேன்: "தோழர், அந்தத் தோட்டத்துல களை எடுக்கிறது யாரு?" எல்லாரும் சிரிச்சாங்க. நான் சிரிப்புக்காகக் கேக்கல.

எங்கம்மா களை எடுத்தவள். நிலக்காரனுக்குப் பயிரைத் தவிர மத்ததெல்லாம் களை. அம்மாவுக்கு அப்படியில்லை. பறித்ததில் பண்ணைக்கீரை தனி, குப்பைக்கீரை தனி, தொய்யக்கீரை தனி என்று மடியில் கட்டிக்கொண்டு வருவாள். ராத்திரிச் சோத்துக்கு அதுதான் எங்களுக்கு. செடி ஒண்ணுதான்; பேர் வைக்கிற அதிகாரம்தான் வேற.

மொழித் தோட்டத்துக்கும் இதே கதைதான். தொல்காப்பிய மரபியலை எடுத்துப் பாருங்கள். வெளியே வைரம் பாய்ந்தால் புல், உள்ளே வைரம் பாய்ந்தால் மரம் என்று வகை பிரிப்பது அங்கேதான். அந்தக் கணக்கில் பனையும் தென்னையும் புல். அந்தணர், அரசர், வைசிகர், வேளாளர் என்று மனிதரை வகை பிரிப்பதும் அதே இயல். வழக்கு என்றால் உயர்ந்தோர் வழக்குதான் என்று சட்டம் சொல்வதும் அதே இயல். செடிக்கும் மனுசனுக்கும் சொல்லுக்கும் ஒரே இடத்தில் வரப்புப் போட்டிருக்கிறார்கள். இடைச்செருகல் என்பார்கள். இருக்கட்டும். அந்தச் செருகலையும் சேர்த்துத்தானே தலைமுறை தலைமுறையாகப் பாடம் நடத்தினார்கள்?

பிடுங்கி நட்ட செடிகளும் உண்டு. 'சேரி' என்றால் ஒருகாலத்தில் குடியிருப்பு, அவ்வளவுதான். 919, 921ஆம் ஆண்டுகளின் உத்திரமேரூர்க் கல்வெட்டுகள் பார்ப்பனர் ஊரின் பன்னிரண்டு சேரிகளைப் பேசுகின்றன. அடுத்த நூற்றாண்டுத் தஞ்சைக் கல்வெட்டில் தீண்டாச்சேரி வந்துவிடுகிறது. இன்றைக்கு அந்தச் சொல்லை எங்கள் தெருவில் மட்டும் நட்டுவிட்டு நாற்றம் என்கிறார்கள். 'பறை' என்றால் சொல். மலையாளத்தான் இன்றும் வாய்கூசாமல் 'பற' என்கிறான். இங்கே அதே வேரை வசவாக்கி வைத்திருக்கிறோம்.

இலக்கணம் புல் என்று ஒதுக்கிய பனையையே எடுத்துக்கொள்வோம். தமிழ் எழுதப்பட்டதே அந்தப் புல்லின் ஓலையில்தான். தன் பாட்டனார் கந்தப்பன், ஹாரிங்டன் துரையிடம் பட்லராக இருந்தவர், திருக்குறள் ஏட்டை எல்லிஸிடம் சேர்த்தார் என்று அயோத்திதாசப் பண்டிதர் எழுதியிருக்கிறார். 1992இல் பாமா தன் புத்தகத்துக்கு 'கருக்கு' என்று பேர் வைத்தார். பனைமட்டையின் ரெண்டு பக்கமும் இருக்கிற ரம்பப் பல். விறகு பொறுக்கினவன் கையைக் கிழிச்ச சொல், இலக்கியத்தின் கையையும் கிழிச்சது.

நான் யோக்கியன் என்று சொல்லவில்லை. வங்கிக் கவுண்டரில் ஒரு கிழவி பாஸ்புக்கை நீட்டி, "எம்புட்டு கெடக்குய்யா?" என்றது. பக்கத்து சீட்டுக்காரர், "பணம் கெடக்காது பாட்டி, இருக்கும்" என்று திருத்தினார். சிரித்தார்கள். நானும் சிரிச்சேன். எங்கம்மா பேச்சு அது. என் முதல் தொகுப்பு வந்தபோதும் அம்மாவின் சொற்களை ஒவ்வொன்றாகப் பிடுங்கிப் போட்டுவிட்டுத்தான் அச்சுக்குக் கொடுத்தேன். களை எடுப்பதில் நான் அம்மாவைவிடக் கெட்டிக்காரன். அவள் பிடுங்கியதை வீட்டுக்குக் கொண்டுவந்தாள். நான் வரப்பில் காயவிட்டேன்.

இப்போது வேறொரு தந்திரம். எங்கள் சொல்லை விடுகிறார்கள், ஆனால் தொட்டியில். 'வட்டார வழக்கு' என்று சீட்டு ஒட்டி, புத்தகத்தின் கடைசியில் அருஞ்சொற்பொருள் போட்டு. அக்கிரகாரத்து நாவலில் 'ஆத்துக்காரர்' என்று வந்தால் அதற்கு எவனாவது பொருள் போடுகிறானா? அது தமிழ், நம்முடையது மட்டும் அருஞ்சொல். மாணவத் தோழர்களே, விடைத்தாளில் உங்கள் சொல்லின் கீழ் சிவப்புக்கோடு விழுந்தால், பிழை என்று தலைகுனிவதற்கு முன் ஒரு கேள்வி கேளுங்கள்: இது யார் நிலத்துக்குக் களை?

எங்கள் கொல்லையிலும் விஷச்செடி இருக்கிறது. பெண்ணைக் கேவலப்படுத்துகிற வசவு, நமக்குள்ளேயே ஒருத்தரை ஒருத்தர் தாழ்த்துகிற பேச்சு. அதைப் பிடுங்கத்தான் வேண்டும். எதைப் பிடுங்குவது, எதை வைப்பது என்று நம்ம வீட்டுப் பொம்பளைகளைக் கேட்டு நாமே முடிவுசெய்வோம்.

அழகான தோட்டத்தில் ஓரமாக ஒரு தொட்டி வேண்டும் என்று நாம் கேட்கவில்லை. நிலத்தைக் கேட்கிறோம்.

அந்தக் கிழவி சொன்னதுதான் சரி. மண்ணுக்குள் விதை கெடக்கிற மாதிரி, எங்கள் சொல் கெடக்கு. எம்புட்டு கெடக்குன்னு இன்னும் யாரும் எண்ணிப் பாக்கல.