சொத்து விவரத்தில் நால்வர், வழக்கில் ஒருவர்

எல்லை வழக்கின் பிராதைக் கடைசிப் பக்கத்திலிருந்து படிப்பது நல்லது. சொத்து விவரம் அங்கேதான் இருக்கும்: இன்னார் நிலத்துக்குக் கிழக்கு, இன்னார் மனைக்கு மேற்கு, ஓடைப் புறம்போக்குக்கு வடக்கு, வண்டிப்பாதைக்குத் தெற்கு, இதன் மத்தியில் இத்தனை சென்ட். பிறகு முதல் பக்கத்துக்கு வாருங்கள். பிரதிவாதி பெரும்பாலும் ஒரே ஒருவர். யாரோடு வாய்த்தகராறு முற்றியதோ அவர். கும்மிடிப்பூண்டி, பொன்னேரி, ஊத்துக்கோட்டை வட்டாரத்து எல்லை வழக்குகள் தீர்ப்புக்குப் பிறகும் தீராமல் கிடக்க அந்த முதல் பக்கமே பெரிய காரணம் என்பது என் கட்சி.

சண்டை கோட்டுக்காக என்றாலும் கோடு நிற்பது கல்லில். ஒரு மூலைக்கல்லில் மூன்று, சில இடங்களில் நான்கு உட்பிரிவுகள் வந்து கூடும். காம்பவுண்டுக்கு அஸ்திவாரம் தோண்டும் ஜேசிபி அந்தக் கல்லைப் பெயர்த்துப் போட்டுவிட்டால், சர்வேயர் புல வரைபடத்தை விரித்து, அசையாமல் நிற்கும் வேறொரு கல்லைத் தேடிப்பிடித்து அங்கிருந்து அளந்து வருவார். அது வழக்கில் இல்லாத ஒருவரின் வரப்பில் இருக்கலாம். கிழக்குக் கல்லிலிருந்து வந்தால் ஒரு கணக்கு, மேற்கிலிருந்து வந்தால் இன்னொன்று. பழைய அளவைகள் சங்கிலி பிடித்து எடுத்தவை. 66 அடிச் சங்கிலிக்கு 100 லிங்க்ஸ், ஒரு லிங்க் ஏறக்குறைய 20 சென்டிமீட்டர். நெல் விளைந்த காலத்தில் ஒரு லிங்க் வரப்போடு போயிற்று. இன்று 60 மீட்டர் நீள எல்லையில் ஒரு லிங்க் பிசகினால் சுமார் 130 சதுர அடி. சிப்காட் தொழிற்பேட்டைப் பக்கத்தில் மனை வைத்திருப்பவர் அதை விடுவாரா? வாதிக்கு அந்த இடத்தைத் தரும் தீர்ப்பு, குறைவை அடுத்தவர் தலையில் கட்டிவிடலாம். ஆனால் வழக்கில் சேர்க்காத அவரை அந்தத் தீர்ப்பு கட்டுப்படுத்தாது. அவர் தனியாக வழக்குப் போடுவார். ஒரே கல்லுக்கு, நீதிமன்றம் நியமிக்கும் கமிஷனரின் அறிக்கை இரண்டு.

சட்டம் இதை 1923-லேயே யோசித்துவிட்டது. தமிழ்நாடு நில அளவை மற்றும் எல்லைகள் சட்டத்தின் 14ஆம் பிரிவு, அளவை அதிகாரி நிர்ணயித்த எல்லையை ஏற்காதவர் இறுதி அறிவிக்கை வெளியானதிலிருந்து மூன்று ஆண்டுக்குள் வழக்குத் தொடுக்கலாம் என்கிறது. அதோடு, அந்த எல்லையில் சம்பந்தம் உள்ளவர்கள் என்று வாதி கருதக் காரணமுள்ள எல்லோரையும் சேர்த்தாக வேண்டும் என்றும் சொல்கிறது. அலட்சியம் செய்பவருக்கு 1963-இன் காலவரையறைச் சட்டம் 21ஆம் பிரிவில் ஒரு கண்ணி வைத்திருக்கிறது. பின்னால் சேர்க்கப்படுபவரைப் பொறுத்தவரை, அவரைச் சேர்த்த நாளில்தான் வழக்கு தொடங்கியதாகக் கணக்கு. நல்லெண்ணத்தில் நேர்ந்த பிழை என்று நீதிமன்றம் ஏற்றால்தான் விலக்கு. இரண்டாம் ஆண்டில் வழக்குப் போட்டு, ஐந்தாம் ஆண்டில் சாட்சி விசாரணையின்போது விழித்துக்கொள்பவர் கதி என்ன?

வழக்குக்கு எஜமானர் வாதி, யார்மேல் போடுவது என்பது அவர் இஷ்டம் என்பது வழக்கமான மறுப்பு. கஸ்தூரி எதிர் ஐயம்பெருமாள் வழக்கில் 2005-இல் உச்ச நீதிமன்றமே மூன்றாமவரை உள்ளே விடவில்லையே என்பார்கள். அது கிரய ஒப்பந்தத்தை நிறைவேற்றித் தரக் கேட்ட வழக்கு. ஒப்பந்தம் இருவருக்குள் முடிந்துவிடும், எல்லைக்கல் அப்படியில்லை. இன்னார் இல்லாமல் பயனுள்ள தீர்ப்புத் தர முடியுமா என்று அந்தத் தீர்ப்பு வைத்த அளவுகோலையே எல்லைக்கு வைத்துப் பாருங்கள், விடை வேறாக வரும். தாமதமாகும் என்ற மறுப்பில் நியாயம் உண்டு. ஆளுக்கொரு வக்காலத்து, எதிருரை. ஒருவர் இறந்தால் வாரிசுகளைச் சேர்க்க மனு. வழக்கை முடக்கவே சேர்ப்பு மனுப் போடுபவர்களும் இருக்கிறார்கள். அதற்காகத்தான் ஊரையே சேர்க்கச் சொல்லவில்லை. வாதி கேட்கும் கோடு நகர்ந்தால் யாருக்கு அளவு குறையுமோ அவர் போதும்.

அந்த 'அவர்' இங்கே பல நேரம் அரசு. ஓடை, ஏரி வாய்க்கால், மேய்க்கால் என்று ஏதாவதொரு பக்கம் புறம்போக்கு வந்துவிடும். அரசின்மேல் வழக்குப் போடுமுன் தர வேண்டிய, உரிமையியல் நடைமுறைச் சட்டம் 80ஆம் பிரிவின் இரண்டு மாத நோட்டீசுக்குப் பயந்து, பக்கத்துக்காரர்மேல் மட்டும் வெறும் தடையுத்தரவு வழக்காகப் போட்டுவிடுகிறார்கள். அவசரமென்றால் நீதிமன்ற அனுமதியோடு நோட்டீஸ் இல்லாமலே தொடுக்க அதே பிரிவு வழிவிடுகிறது. உரிமையே சந்தேகத்தில் இருக்கும்போது வெறும் தடையுத்தரவு வழக்கு போதாது என்று அனந்துலா சுதாகர் வழக்கில் 2008-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியும் ஆயிற்று. ஆலை மதில் சுவரை எதிர்த்துப் போகிறவர்கள் செய்யும் பிழை இன்னொரு வகை. சிப்காட் மனைகள் நீண்டகாலக் குத்தகைக்குக் கொடுக்கப்படுபவை. ஆலை குத்தகைதாரர், நிலம் 1971-இல் தொடங்கிய சிப்காட் நிறுவனத்துடையது. சிப்காட்டைச் சேர்க்காமல் ஆலையோடு மட்டும் எல்லையைத் தீர்ப்பது, குடித்தனக்காரரோடு வீட்டுச் சுவரைப் பங்கு போடுவது போல.

சரி, பக்கத்துக்காரர் யார் என்று கண்டுபிடிப்பது எப்படி? புல வரைபடமும் 'அ' பதிவேடும் அரசின் இணையதளத்திலேயே கிடைக்கின்றன. ஆனால் பதிவேட்டில் இருப்பது என்றோ இறந்த தாத்தாவின் பெயராக இருக்கலாம். பேரன்கள் மனை பிரித்து விற்றிருக்கலாம். ஆகவே தன் சர்வே எண்ணுக்கு வில்லங்கச் சான்று போடுகிறவர், ஒட்டியுள்ள எண்களுக்கும் சேர்த்தே போட வேண்டியிருக்கிறது. சில நூறு ரூபாய் கூடுதலாகும்.