குடாவின் அக்கரை

இந்த வாரம் கோபத்தோடுதான் எழுத உட்காருகிறேன். போன சனிக்கிழமை திருகோணமலைப் பட்டணத்துக்குள் ஒரு நடைச் சுற்றுலாவில் சேர்ந்து நடந்தேன். பழைய தெருக்களையும் அங்கே கலந்து வாழும் மக்களையும் நடந்தே பார்க்கலாம் என்று அறிவித்திருந்தார்கள். கோட்டை வாசலில் தொடங்கி, கடைத்தெரு வழியாக இறங்குதுறையில் முடிந்தது. கொழும்பிலிருந்து வந்த ஒரு குடும்பம், இரண்டு வெளிநாட்டுப் பெண்கள், எங்கள் பக்கத்து ஆசிரியர்கள் சிலர். வழிகாட்டிய தம்பிக்கு நல்ல குரல். ஆண்டுகள் எல்லாம் நாவில் நின்றன. அவர் பின்னால் சந்தோசமாகவே நடந்தேன்.

இறங்குதுறையில் அந்தப் பெண்களில் ஒருவர் தண்ணீருக்கு அப்பால் தெரிந்த கரையைக் காட்டி, அது என்ன இடம் என்று கேட்டார். “மூதூர் பக்கம். அங்கே பார்க்கிறதுக்கு ஒண்டும் இல்ல” என்று சொல்லிவிட்டு, எல்லோரையும் குளிர்பானக் கடைக்குக் கூட்டிப் போனார் தம்பி. அவர் கை காட்டாமல் விட்ட கரையில் இருக்கிறது எங்கள் கட்டைபறிச்சான்.

அவர் சொன்னவை நன்றாகவே இருந்தன, அதையும் சொல்லிவிட வேண்டும். கோணேசர் கோயிலை இடித்த போர்த்துக்கேயர் 1624இல் அந்தக் கற்களையும் வைத்துக் கோட்டை கட்டியது, ஆங்கிலேயர் 1803இல் அதற்குத் தங்கள் இளவரசர் ஃபிரெட்ரிக்கின் பெயரை வைத்தது, பின்னாளில் வெலிங்டன் பிரபு ஆன ஆர்தர் வெல்லெஸ்லி 1800இல் கோட்டைக்குள் தங்கியிருந்தது, நாவலாசிரியை ஜேன் ஆஸ்டினின் தம்பி சார்ள்ஸ் ஆஸ்டின் 1852இல் பர்மாவின் ஐராவதி ஆற்றில் கொலராவால் இறந்து இங்கே மைதானத்து மயானத்தில் அடக்கமானது என்று ஒவ்வொன்றையும் அந்தந்த இடத்தில் நின்று சொன்னார். காளி கோயில், பள்ளிவாசல், மாதா கோயில், விகாரை எல்லாவற்றையும் காட்டி, நாலு மதமும் நடை தூரத்தில் இருப்பதே இந்நகரின் பெருமை என்றார்.

இந்தப் பத்தியைத் தொடர்ந்து வாசிப்பவர்களுக்கு என் பழைய மனக்குறை தெரியும். கன்னியா வெந்நீரூற்று பற்றி எழுதியபோதும் இதையே சொன்னேன். எங்கள் மாவட்டத்தின் வரலாறு என்றால் கோட்டையைப் பிடித்தவர்களின் பட்டியல் என்றாகிவிட்டது. போர்த்துக்கேயர், ஒல்லாந்தர், பிரெஞ்சுக்காரர், ஆங்கிலேயர். 1782 என்ற ஒரே ஆண்டில் ஜனவரியில் ஆங்கிலேயர் பிடித்தார்கள், ஓகஸ்டில் பிரெஞ்சுக்காரர் பறித்தார்கள். அத்தனை கப்பலுக்கும் தண்ணீர் சுமந்தது யார், விறகு வெட்டியது யார், அரிசி எந்த வயலில் விளைந்தது என்று எந்த வழிகாட்டியும் சொல்வதில்லை. கோபுரமும் மினாராவும் ஒரே படத்துக்குள் வந்துவிட்டால் பல்லின நகரம் என்கிறார்கள். படத்துக்குள் வராதவர்கள் எத்தனை பேர்! பட்டணத்துக்கு வெளியே பாலையூற்றில் பறங்கியர் குடும்பங்கள் இருக்கின்றன. போர்த்துக்கேயர் போய் முந்நூற்றைம்பது ஆண்டுக்கு மேலாகியும், அவர்கள் விட்டுப்போன மொழியின் ஒரு கிளையை வீட்டுக்குள் பேசும் முதியவர்கள் அங்கே உண்டு. ஹொரவப்பொத்தானை வீதியில் வெல்கம் விகாரையில் சோழர் காலத் தமிழ்க் கல்வெட்டுகள் நிற்கின்றன. தமிழர் வணங்கிய, இராசராசன் பெயரைத் தாங்கிய பௌத்தப் பள்ளி அது. இந்த இரண்டையும் பற்றிச் சனிக்கிழமை ஒரு சொல் இல்லை.

சென்னையில் ஓகஸ்ட் மாதத்து மெட்ராஸ் தினத்தையொட்டி இப்படிப்பட்ட நடைகளுக்கு ஒரு மரபே உருவாகிவிட்டது. அதற்கு முன்நின்றவர்களில் ஒருவரான எஸ். முத்தையா கொழும்பில் ‘டைம்ஸ் ஒஃப் சிலோன்’ பத்திரிகையில் பல ஆண்டு வேலை பார்த்துவிட்டு 1968இல் சென்னைக்குப் போனவர். வீடு வீடாக, கடை கடையாக விசாரித்து எழுதிய மனிதர். அந்தக் கவனத்தை இங்கேயே கற்றுக்கொண்டு போனார் என்று நான் நம்புகிறேன். நாம்தான் அதைக் கைவிட்டோம்.

திரும்பி வரும்போது மூதூர் பஸ்ஸில் பக்கத்தில் இருந்தவர் எனக்குத் தெரிந்த மீன் வியாபாரி, வயதானவர்.

“டீச்சர், வெள்ளனவே டவுணுக்குப் போனாப்ல?”

“ஊர் பார்க்கப் போனன் காக்கா.”

“நமக்கிட்ட இல்லாத ஊரா அங்க இரிக்கி?”

நடந்ததைச் சொன்னேன். அவர் கொஞ்சநேரம் வெளியே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, “ராசரெத்தினம் சேர்ட புத்தகம் ஒண்ட அந்தத் தம்பிக்குக் குடுங்க” என்றார்.

அதற்குமேல் எனக்கு நடைச் சுற்றுலா பற்றி எழுத மனமில்லை. வ.அ. இராசரத்தினத்தைப் பற்றியே எழுதுகிறேன்.

1925இல் மூதூரில் பிறந்தவர். கத்தோலிக்கர், ஆசிரியர். ‘தோணி’ என்ற அவருடைய சிறுகதையை வாசிக்காமல் ஈழத்துச் சிறுகதையை வாசித்ததாகச் சொல்ல முடியாது. அந்தப் பெயரில் வந்த தொகுதிக்குச் சாகித்திய மண்டலப் பரிசும் கிடைத்தது. தனக்கென்று ஒரு தோணி வேண்டும் என்று ஏங்கும் கடற்கரைப் பையன் ஒருவனின் கதை. கடல் எல்லாருக்கும் பொது, ஆனால் கடலுக்குப் போகத் தோணி வேண்டும், தோணி இன்னொருவனுடையது. இவ்வளவுதான் விசயம். அதற்குள் ஒரு கரையோரத்தின் உழைப்பு, கடன், ஆசை, இழப்பு எல்லாம் அடங்கிவிடுகிறது. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளுக்கு அதை வாசித்துக் காட்டும்போதெல்லாம் மீன்பிடிக் குடும்பத்துப் பிள்ளைகள் தலையைக் குனிந்துகொண்டு கேட்பார்கள். வயல்காரர் வீட்டுப் பிள்ளைகள் அவர்களைத் திரும்பிப் பார்ப்பார்கள். ஒரே வகுப்பில் இருந்தும் அன்றைக்குத்தான் ஒருவர் வீட்டை ஒருவர் அறிந்துகொள்வதுபோல இருக்கும். ஓர் ஊரைச் சுற்றிக் காட்டுவது என்று நான் எண்ணுவது இதைத்தான்.

‘துறைக்காரன்’, ‘கொழுகொம்பு’, ‘கிரௌஞ்சப் பறவைகள்’, ‘மண்ணிற் சமைந்த மனிதர்கள்’ என்று அவர் எழுதிக்கொண்டே போனார். எழுத்தாளன் கொழும்பிலோ யாழ்ப்பாணத்திலோ இருந்தால்தான் பெயர் எடுக்கலாம் என்று எண்ணப்பட்ட காலத்தில் கொட்டியாரக் குடாவின் கரையையே அவர் உலகமாக வைத்துக்கொண்டார். ‘ஒரு வெண்மணற் கிராமம் காத்துக்கொண்டிருக்கிறது’ என்று ஒரு நாவலுக்குப் பெயர் வைத்தார். 2001இல் மறைந்தார். 2004இல் கடல் ஏறி வந்ததை அவர் காணவில்லை. 2006இல் நாங்கள் ஊரோடு பெயர்ந்ததையும் காணவில்லை.

பெரும் இலக்கியவாதியாக மட்டும் நான் அவரைப் போற்றவில்லை. எங்கள் பக்கத்துக்குக் கிடைத்த மிகச் சரியான வழிகாட்டி அவர். தோணிக்காரர், விவசாயி, முஸ்லிம் வியாபாரி, கோயில் ஐயர், காட்டில் தேன் எடுப்பவர் எல்லாரும் ஒரே சந்தையில் நிற்கும் ஊரில் வளர்ந்தவர். பத்திரிகைகள் எழுதும் இன நல்லிணக்கத்தை அவர் எழுதவில்லை. கொடுக்கல் வாங்கலையும், மனத்தாங்கலையும், அதற்குப் பிறகும் அடுத்த நாள் அதே சந்தைக்கு வர வேண்டியிருப்பதையும் அறிந்து எழுதினார்.

அந்தத் தம்பி தெரிந்துகொள்ள வேண்டும் என்பதற்காகச் சொல்கிறேன். அவருடைய வெளிநாட்டு விருந்தாளிகளுக்குக் காட்டக்கூடிய கதையும் இந்தக் கரையில்தான் இருக்கிறது. மசூலிப்பட்டினத்துப் பக்கம் புயலில் பாய்மரம் முறிந்த ‘ஆன்’ என்ற ஆங்கிலக் கப்பல், திருத்த வேலைக்காகக் கொட்டியாரக் குடாவுக்கு வந்தது. 1660இல் அதன் தலைவரையும் அவர் மகன் ரொபர்ட் நொக்ஸையும் இரண்டாம் இராஜசிங்கனின் ஆட்கள் பிடித்துக் கண்டி நாட்டுக்குக் கொண்டுபோனார்கள். தகப்பன் அடுத்த ஆண்டே இறந்துபோனார். மகன் பத்தொன்பது ஆண்டு சிறையிருந்து, 1679இல் அரிப்பிலிருந்த ஒல்லாந்தர் கோட்டைக்குத் தப்பி ஓடி, 1681இல் இலண்டனில் இலங்கை பற்றிப் புத்தகம் வெளியிட்டார். டானியல் டீஃபோ ‘ரொபின்சன் குரூசோ’ எழுத அதிலிருந்தும் எடுத்துக்கொண்டார் என்று சொல்லும் ஆய்வாளர்கள் உண்டு. கப்பல்காரர் பிடிபட்டதாகச் சொல்லப்படும் புளியமரத்தடியை மூதூரில் வெள்ளைக்காரன் மரம் என்று சொல்வார்கள்.

நொக்ஸ் பிடிபட்டது பெரிய கதைதான். ஆனால் மூதூரிலிருந்து கிழக்கே போகும் வீதியில் எங்கள் பாலத்தைத் தாண்டிச் சம்பூர்வரை நடந்தால் கேட்கக் கிடைப்பது அதைவிடப் பெரிது. யுத்த காலத்தில் இந்தப் பாலத்தோடு ஓர் ஆட்சி முடிந்து மற்றது தொடங்கியது. பள்ளிக்கூடத்துக்கும் ஆஸ்பத்திரிக்கும் சந்தைக்கும் அடையாள அட்டையைக் கையில் பிடித்தபடி கடந்தோம். 2006 ஓகஸ்டில் மூதூர் முஸ்லிம்கள் கந்தளாய்ப் பக்கம் ஓடினார்கள். எங்கள் பக்கத்துத் தமிழர் வெருகல், வாகரை என்று கரையோரமாகத் தெற்கே ஓடி மட்டக்களப்பில் ஒதுங்கினார்கள். ஒரே சந்தைக்காரர் இரண்டு திசையில் போனோம்.

நாங்கள் திரும்பி வந்தோம். சம்பூர்ச் சனத்துக்கு அது வாய்க்கவில்லை. அவர்களுடைய காணி உயர் பாதுகாப்பு வலயம் ஆயிற்று, பிறகு நிலக்கரி மின் நிலையத்துக்கென்று குறிக்கப்பட்டது. எங்கள் ஊரிலும் கிளிவெட்டியிலும் பட்டித்திடலிலும் மணற்சேனையிலும் தகரக் கொட்டிலுக்குள் 2015வரை இருந்தார்கள். கொட்டிலில் பிறந்த பிள்ளை எட்டு வயதில்தான் தன் ஊரைப் பார்த்தது. நிலக்கரித் திட்டம் 2016இல் கைவிடப்பட்டது. அதன் இடத்தில் சூரிய மின் திட்டம் என்று 2025 ஏப்ரலில் இந்தியப் பிரதமர் வந்தபோது தொடக்கி வைத்தார்கள். அதற்கும் அப்பால் நல்லூர், பாட்டாளிபுரம், சந்தோசபுரம், இளக்கந்தை. கரையோர வேடர் வாழும் ஊர்கள். தமிழ் பேசுகிறார்கள், மீன் பிடிக்கிறார்கள், தேன் எடுக்கிறார்கள். இந்த மாவட்டத்தில் எல்லாருக்கும் முன்னே இருந்தவர்கள் அவர்கள். பல்லினம் என்று பேசும் எவரும் முதலில் போக வேண்டிய முற்றம் அவர்களுடையது.

தூரத்தைச் சாட்டுச் சொல்ல இப்போது இடமில்லை. முன்னே கிண்ணியா, உப்பாறு, கங்கை, இறால்குழி என்று துறைக்குத் துறை பாதையில் ஏறி இறங்கி, அது வரும்வரை மரநிழலில் காத்திருந்து பட்டணம் போனோம். 2009இல் கிண்ணியாப் பாலம் திறந்தார்கள், பின்னால் மற்றவையும் வந்தன. இன்றைக்கு ஒரு வான் பிடித்தால் காலைச் சாப்பாடு சமிக்கும் முன் மூதூருக்கு வந்துவிடலாம்.

ஆகவே நடைச் சுற்றுலா நடத்துபவர்களிடம் ஒன்று கேட்கிறேன். இறங்குதுறையில் உங்கள் நடையை முடிக்காதீர்கள். இன்னொரு காலையை ஒதுக்கி மூதூர்ச் சந்தையில் தொடங்குங்கள். வழிகாட்டியாக இந்த ஊர்ப் பிள்ளைகளையே பிடியுங்கள், கூலியைச் சரியாகக் கொடுங்கள், தமிழிலும் சொல்லச் சொல்லுங்கள். கொட்டில் வாழ்க்கையைக் காட்சிப் பொருளாக்காதீர்கள். அதை அனுபவித்தவர்கள் விரும்பினால் சொல்லட்டும்.

மூதூர், தோப்பூர், சேனையூர், சம்பூர்ப் பக்கத்து வாசகர்களுக்கும் ஒரு வேலை வைத்திருக்கிறேன். இராசரத்தினம் சேரிடம் படித்தவர்கள், அவரோடு பழகியவர்கள் உங்கள் தெருவில் இருப்பார்கள். இந்த மாதம் முடிய முன்னே அவர்களைக் கண்டு, எந்த வீடு, எந்தத் துறை, எந்த மரம் அவர் கதையில் வந்தது என்று கேட்டு எழுதி அனுப்புங்கள். நூலகம் இணையத்தளத்தில் அவருடைய நூல்கள் காசில்லாமல் வாசிக்கக் கிடக்கின்றன. ‘தோணி’யிலிருந்து தொடங்குங்கள்.