கத்தரிக்கோலுக்குப் பின்னால் ஒரு முகம்

தொப்பியில் கட்டம், கைக்குட்டையில் கட்டம், காலுறையிலும் கட்டம். மேசையின் இந்தப் பக்கம் உட்கார்ந்து ஒரு காயை நகர்த்துகிறான். எழுந்து அந்தப் பக்கம் போய் உட்கார்ந்து, தானே அதற்குப் பதில் காயும் நகர்த்துகிறான். அறையில் பூனைக்குட்டிகள் வேறு. அவனைக் கட்டிக்கொள்ளப் போகிறவள் அங்கே காத்துக் கிடக்கிறாள். இவனுக்கு நினைப்பே இல்லை. 1925-இல் வந்த 'சதுரங்க ஜுரம்' என்ற சோவியத் ஊமைப்படம் இது. ஓடுவது அரைமணி நேரம்தான்.

சினிமாப் புத்தகங்களில் இந்தப் படத்தின் பெயர் அடிபடுகிறது. ஆனால் காரணம் வேறு. அந்த ஆண்டு இறுதியில் மாஸ்கோவில் சர்வதேசச் சதுரங்கப் போட்டி நடந்தது. இயக்குநர்கள் புதோவ்கினும் ஷ்பிகோவ்ஸ்கியும் அங்கே கேமராவோடு போய், உலகச் சாம்பியன் காப்பாபிளாங்காவையே கதைக்குள் இழுத்துக்கொண்டார்கள். படத்தொகுப்பின் சாமர்த்தியம் என்று அதை இன்றும் மெச்சுகிறார்கள். மெச்சட்டும். ஆனால் அந்தப் படத்தில் நம்மைச் சிரிக்க வைப்பவர் காப்பாபிளாங்கா இல்லை, அந்தக் கட்டம் போட்ட காலுறைக்காரர். பெயர் விளாதிமிர் ஃபோகல்.

சோவியத் சினிமாவின் வரலாறு பெரும்பாலும் கத்தரிக்கோலின் வரலாறாகவே எழுதப்பட்டிருக்கிறது. அதற்குப் பிள்ளையார் சுழி போட்டது இயக்குநர் லெவ் குலெஷோவின் பிரபலமான சோதனை. நடிகர் மொஸ்ஜூகினின் சலனமற்ற முகம் ஒன்று. அதையே சூப் கிண்ணத்தோடும் சவப்பெட்டியோடும் மாற்றி மாற்றி ஒட்டினால், பார்ப்பவர்கள் அதில் பசியையும் துக்கத்தையும் கண்டார்களாம். சோதனைப் படம் இன்று இல்லை, கதை மட்டும் உயிரோடு இருக்கிறது. அந்தக் கதையைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு, நடிகரின் முகம் வெறும் வெள்ளைத்தாள், எழுதுவது தொகுப்பாளர்தான் என்ற எண்ணம் எளிதாக வந்துவிடுகிறது.

வேடிக்கை என்னவென்றால், ஃபோகல் அதே குலெஷோவின் பட்டறையில் உருவானவர். வெள்ளைத்தாள்களை அங்கே யாரும் வளர்க்கவில்லை. படச்சுருளுக்குத் தட்டுப்பாடு இருந்த நாட்களில், படமில்லாமலேயே படம் எடுப்பதுபோல ஒத்திகை பார்த்தார்கள். விரல், தோள், கழுத்து என்று உடம்பின் ஒவ்வொரு அசைவுக்கும் பயிற்சி. தொகுக்க ஏதாவது இருக்க வேண்டுமே!

அந்தப் பயிற்சியின் பலனைப் பார்க்க வேண்டுமானால் 1926-இல் குலெஷோவ் எடுத்த 'சட்டப்படி' இருக்கிறது. ஜாக் லண்டனின் கதை, திரைக்கதையில் விக்தர் ஷ்க்லோவ்ஸ்கி. மொத்தமே ஐந்து நடிகர்கள், ஒரு மரக்குடிசை, பனி, பெருக்கெடுக்கும் ஆறு. தங்கம் தேடிப் போன இடத்தில் டென்னின் என்பவன் கூட்டாளிகள் இருவரைச் சுட்டுக் கொல்கிறான். மிஞ்சிய தம்பதி அவனைக் கட்டிப்போட்டு, குளிர்காலம் முழுக்கக் காவல் காக்கிறார்கள். டென்னினாக வருபவர் ஃபோகல். கைகால் கட்டுண்ட மனிதனாகவே படத்தின் பெரும்பகுதியும் இருக்கிறார். முகத்தையும் கழுத்தையும் தவிர வேறு கருவி கிடையாது. அந்தப் பெண்ணின் பிறந்தநாளுக்குக் கைதியும் காவலரும் சேர்ந்து உட்காரும் காட்சியில், கொலைகாரன் மேலேயே நமக்குப் பரிதாபம் பிறந்துவிடுகிறது. எந்த வெட்டும் ஒட்டும் அதைத் தனியாகச் செய்திருக்க முடியாது.

அடுத்த ஆண்டே முற்றிலும் வேறொரு ஆள். ஆப்ராம் ரோம் இயக்கிய 'மூன்றாவது மெஷான்ஸ்கயா'வில் தங்க இடமில்லாமல் மாஸ்கோ வரும் அச்சுத் தொழிலாளி. பழைய நண்பன் வீட்டு சோபாவில் இடம் கிடைக்கிறது. நண்பன் வெளியூர் போன நேரத்தில் அவன் மனைவியை விமானத்தில் ஏற்றிக் காட்டுகிறான். கொஞ்ச நாளில் கட்டிலுக்கே இடம்பெயர்ந்துவிடுகிறான், கணவன் சோபாவுக்கு வருகிறான். இதில் ஃபோகலின் நுட்பம் எங்கே என்றால், விருந்தாளி வீட்டுக்காரனாகும் அந்த மாற்றத்தில்தான். முதலில் பணிவும் பரிவுமாக நின்றவன், பிறகு பழைய கணவனின் தோரணையை அப்படியே எடுத்துப் போட்டுக்கொள்கிறான். கடைசியில் அவள் இருவரையும் விட்டுவிட்டு ரயிலேறுகிறாள்.

இவை தவிர போரிஸ் பார்னெத்தின் 'ட்ரூப்னயா வீடு' (1928), வேலைக்காரப் பெண்ணைப் பிழிந்தெடுக்கும் முடிதிருத்துநராக. அதே பார்னெத்தின் 'தொப்பிப்பெட்டிப் பெண்' (1927), காதலில் தோற்கும் ரயில்வே ஊழியராக. அந்தப் படத்தின் நாயகி ஆன்னா ஸ்டென் பிறகு ஹாலிவுட் வரை போனார்.

ஃபோகலுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. 1929 ஜூனில் மாஸ்கோவில் தன் உயிரைத் தானே முடித்துக்கொண்டார். முப்பது வயதுகூட ஆகவில்லை. பேசும்படம் சோவியத் நாட்டில் வேரூன்றுவதற்கு முன்பே போய்விட்டதால், எந்தப் படத்திலும் அவர் குரல் இல்லை. ஐந்தாண்டுகளில் பத்துக்கும் மேற்பட்ட படங்கள், இருப்பதெல்லாம் முகம்தான்.

திரைப்பட வகுப்பு என்றால், படத்தொகுப்புக்குப் பேர்போன ஒடெசா படிக்கட்டுக் காட்சியையே திரும்பத் திரும்பப் போட்டுக் காட்டுவது வழக்கமாகிவிட்டது. அந்த வரிசையில் 'சட்டப்படி'க்கு ஒரு மாலையை ஒதுக்கலாம். அந்தத் தம்பதியால் கடைசியில் தூக்கிலிடப்பட்ட டென்னின் இரவில், புயலுக்கு நடுவே, கழுத்தில் அறுந்த கயிற்றோடு குடிசை வாசலில் வந்து நிற்கும் காட்சி வரும்போது, படத்தை நிறுத்திவிட்டு மாணவர்களிடம் கேட்கலாம்: இந்த முகத்தை எழுதியது யார்?