பதவி உயர்வு உண்டு, பணப்பயன் இல்லை: பேராசிரியர்களின் வழக்குகளில் தேதியே தீர்மானிக்கிறது

மைசூரு: பல்கலைக்கழக ஆசிரியர்களின் நியமனம், பதவி உயர்வு தொடர்பான வழக்குகளில் இன்றளவும் மேற்கோள் காட்டப்படும் தீர்ப்பு ஒன்று மைசூருடன் தொடர்புடையது. ஆங்கிலத் துறை ரீடர் நியமனம் ஒன்றை அன்றைய மைசூர் உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. மேல்முறையீட்டில், 1963 ஆகஸ்டில், உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு மைசூர் பல்கலைக்கழகத்தின் பக்கம் நின்றது. தகுதியை மதிப்பிட்ட நிபுணர் குழுவின் முடிவில் நீதிமன்றங்கள் எளிதில் தலையிடலாகாது என்பதே அத்தீர்ப்பின் சாரம்.

ஆனால், இன்று நீதிமன்றப் படியேறும் பேராசிரியர்கள் பலரின் குறை நிபுணர் குழுவின் முடிவு பற்றியதன்று. குழு உரிய காலத்தில் கூடவில்லை என்பதே. தகுதியை நிர்ணயிக்க நிபுணர்கள் தேவை. எந்தத் தேதி முதல் சம்பளம் தர வேண்டும் என்று கணக்கிட நிபுணர்கள் தேவையில்லை.

பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018ஆம் ஆண்டு விதிமுறைகள் இதில் தெளிவாகவே உள்ளன. பணி மேம்பாட்டுத் திட்டத்தின்கீழ் ஆசிரியர் அளிக்கும் விண்ணப்பத்தின் மீது ஆறு மாதங்களுக்குள் முடிவெடுக்க வேண்டும். குறைந்தபட்சத் தகுதிக் காலம் நிறைவுற்றதும் விண்ணப்பித்து வெற்றி பெற்றவருக்கு, அத்தகுதி நாள் முதலே பதவி உயர்வு வழங்கப்பட வேண்டும். எனினும் பல ஆணைகள், ‘கருத்தியலான பதவி உயர்வு’ என்ற சொற்றொடருடன் வருகின்றன. பதவி பழைய தேதியிலிருந்து, பணம் ஆணை பிறந்த தேதியிலிருந்து என்பது அதன் பொருள்.

இழப்பு சிறிதன்று. ஏழாவது ஊதியக் குழுவின் அடிப்படையிலான ஊதிய அட்டவணையில், 12ஆம் நிலையில் மூன்றாண்டுகளை முடித்த உதவிப் பேராசிரியரின் அடிப்படை ஊதியம் ரூ.87,200. இணைப் பேராசிரியரானால் அது ரூ.1,31,400 ஆகும். அகவிலைப்படியைச் சேர்க்காமலேயே மாத வேறுபாடு ரூ.44,200.

கருத்தியல் பதவி உயர்வுக்கு நிர்வாகங்கள் கூறும் காரணம், ‘வேலை செய்யாதவருக்கு ஊதியமில்லை’ என்பது. 1989இல் உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் இதனை ஏற்றது. 1991இல் ஜானகிராமன் வழக்கிலோ, பணிபுரிய ஆயத்தமாக இருந்தவரை நிர்வாகமே தடுத்து நிறுத்தியிருந்தால் அந்த வாதம் பொருந்தாது என்றது. பேராசிரியர்களைப் பொறுத்தவரை அந்தக் கேள்விக்கே இடம் குறைவு. பணி மேம்பாட்டுத் திட்டத்தில் காலிப் பணியிடம் என்ற பேச்சில்லை. அதே வகுப்பறை, அதே பாடம், அதே ஆய்வு மாணவர்கள். செய்யாமல் விட்ட வேலை எது என்று எந்த நிர்வாகமும் சுட்டிக்காட்ட இயலாது.

தாமதத்தின் பின்னணியில் நிதியும் இருக்கிறது. ஆறாவது ஊதியக் குழு ஊதியத்தால் மாநிலங்களுக்கு ஏற்பட்ட கூடுதல் செலவில் 80 சதவீதத்தை 2010 மார்ச் வரை மத்திய அரசு ஏற்றது. ஏழாவது ஊதியக் குழுவுக்கு அது 50 சதவீதமாகக் குறைந்து, 2019 மார்ச்சுடன் முடிந்தது. அதன்பின் முழுச் சுமையும் மாநிலங்களுக்கே. மானியக் குழுவின் விதிகள் மாநிலப் பல்கலைக்கழகங்களை, மாநில அரசு ஏற்றுக்கொண்டால் மட்டுமே கட்டுப்படுத்தும் என்று மதுரை காமராசர் பல்கலைக்கழகத் துணைவேந்தர் நியமன வழக்கில் 2015இல் உச்ச நீதிமன்றம் கூறியது. ஆகவே ஆசிரியர் முதலில் மெய்ப்பிக்க வேண்டியது தமது தகுதியை அன்று, தமது மாநிலத்தின் அரசாணையை.

வழக்கில் வென்றாலும் ஒரு வரம்பு காத்திருக்கிறது. ஊதியக் குறைவு மாதந்தோறும் தொடரும் தவறு என 1995இல் எம்.ஆர்.குப்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் ஏற்றது. ஆனால் நிலுவைத் தொகை, மனுத் தாக்கலுக்கு முந்தைய மூன்றாண்டுகளுக்கு மட்டுமே என்று 2008இல் தர்சேம் சிங் வழக்கில் வரையறுத்தது. ஐந்தாண்டுகள் பொறுத்திருந்து வழக்குத் தொடுக்கும் ஆசிரியர் முதல் இரண்டாண்டுகளை இழக்கிறார். மேற்கண்ட கணக்கின்படி அது பத்து லட்சம் ரூபாய்க்கும் மேல். குஜராத்தில் மாதம் ரூ.30,000 பெற்றுவந்த ஒப்பந்த உதவிப் பேராசிரியர்களுக்குக் குறைந்தபட்ச ஊதிய விகிதத்தை 2025 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் வழங்கியபோதும், 8 சதவீத வட்டியுடனான நிலுவை அதே மூன்றாண்டுகளுக்கே கிடைத்தது.

தாமதம் நிர்வாகத்தினுடையது, அதன் விலை ஆசிரியருடையது என்ற இந்த ஏற்பாடு நியாயமானதாகத் தோன்றவில்லை. ஆறு மாதக் கெடுவை மீறும் பல்கலைக்கழகம் ஒவ்வொரு மாதத்துக்கும் வட்டி செலுத்த வேண்டும் என்ற ஒற்றை வரி விதிகளில் இருந்திருந்தால், வழக்குகளில் கணிசமானவை எழுந்தே இரா.

நிர்வாகத்தைப் பகைத்துக்கொள்ளத் தயங்கும் ஆசிரியர்கள், பதிவாளருக்கு நினைவூட்டல் கடிதங்கள் எழுதிக் காத்திருப்பது வழக்கம். அதுவும் உதவாது. திரும்பத் திரும்ப அளிக்கப்படும் கோரிக்கை மனுக்களோ, அவற்றுக்கு வரும் பதிலோ காலாவதியான உரிமைக்கு உயிரூட்டா என்று, தமிழக அரசுத் துறை ஒன்றின் முன்னாள் ஊழியர் தொடர்ந்த சி.ஜேக்கப் வழக்கில் 2008இலேயே உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது. மூன்றாண்டுக் கணக்கு, நீதிமன்றத்தில் மனு பதிவாகும் நாளிலிருந்துதான் பின்னோக்கி எண்ணப்படுகிறது.