தடை போதாது, துணை வேண்டும்

16 வயதுக்கு உட்பட்டோர் முக்கிய சமூக ஊடகங்களில் கணக்கு வைத்திருப்பதற்கான தடை 2025 டிசம்பரில் ஆஸ்திரேலியாவில் நடைமுறைக்கு வந்தது. இந்தியாவின் 2023-ஆம் ஆண்டு தரவுப் பாதுகாப்புச் சட்டம், 18 வயது நிரம்பாதவர்களின் விவரங்களைக் கையாளப் பெற்றோர் ஒப்புதலைக் கட்டாயமாக்குகிறது. இரண்டும் தேவையே. ஆனால், பிள்ளை எதைப் பார்க்கிறது, ஏன் பார்க்கிறது என்று சட்டம் கேட்காது. வீடுதான் கேட்க வேண்டும்.

‘எங்களுக்கே கணினி தெரியாதே’ என்பார்கள் பெற்றோர். கருவியை இயக்கும் திறமை வேறு, நல்லது கெட்டது அறியும் பக்குவம் வேறு. பிள்ளைக்குத் தேவை பின்னதுதான். நேரமில்லை என்பதும் உண்மையே. ஆனால், 2 முதல் 4 வயதுவரை திரைநேரம் நாளுக்கு 1 மணி நேரத்துக்கு மேல் கூடாது என்கிறது உலக சுகாதார நிறுவனம். அதில் பாதியாவது உடன் அமர்ந்து பார்க்கலாமே. சாப்பாட்டு வேளையில் முதலில் பெற்றோர் கைபேசியைக் கீழே வைக்கட்டும்.